குளிர் விட்டுப்போன நாத்தனார்

தண்ணீர்க் குழாய் அலுவலகத்தில் எல்லோரும் அவளை வால்வு அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பெற்றவர்கள் வைத்த பெயர் வருகைப் பதிவேட்டோடு சரி. மலைமேல் இருக்கும் ஏரியிலிருந்து ஊருக்குத் தண்ணீர் கொண்டுவரும் ஐந்து மைல் குழாய் அவள் பொறுப்பு. வழியில் பன்னிரண்டு வால்வுத் தொட்டிகள். தொட்டி என்றதும் குளிக்கிற தொட்டியை நினைத்துவிட வேண்டாம். தரைக்குள் ஆள் உயரத்துக்குக் கட்டிய கான்கிரீட் குழி. மேலே இரும்பு மூடி, இறங்க நாலு இரும்புப் படி, நடுவே குழாயும் வால்வும். உள்ளே இரண்டு பேர் முழங்காலை மடக்கி உட்காரலாம். ஒருவருக்கொருவர் ஆகாதவர்களாக இருந்தால் அந்த இடமும் போதாது.

பனிக்காலத்தில் அவளுக்கு ஒரே வேலைதான். ஓடுகிற தண்ணீர் உறையாது, நிற்கிற தண்ணீர் உறைந்துவிடும். அதனால் வாரத்தில் மூன்று நாள் குழாயோடு நடந்து, எங்கேயாவது காற்று அடைத்துத் தண்ணீர் தயங்குகிறதா என்று பார்க்க வேண்டும். கண்ணால் பார்க்கிற வேலை இல்லை இது. ஸ்பேனரின் ஒரு முனையைக் குழாயில் வைப்பாள், மறு முனையைக் காதில் வைப்பாள். உள்ளே தண்ணீர் ஓடுகிறதா, முனகுகிறதா என்று சொல்லிவிடுவாள். பம்ப் ஹவுஸில் தரை கூட்டுகிறவளாகச் சேர்ந்தவள், ஃபிட்டர் ஒருவர் சும்மா விளையாட்டுக்கு ஸ்பேனரைக் காதில் வைத்துக்காட்ட, அவருக்குக் கேட்காதது தனக்குக் கேட்டதால் மலைக்குப் போனவள். பதினெட்டு வருஷமாகிவிட்டது.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். அவள் சரியான பயந்தாங்கொள்ளி. மேகம் கொஞ்சம் கறுத்தால் பாதியில் திரும்பிவிடுவாள். பையில் ஒன்றுக்கு இரண்டாகத் தீப்பெட்டி, தார்ப்பாய், காய்ந்த துணி, பிளாஸ்கில் டீ. அலுவலகத்தில் கேலி செய்வார்கள். "நான் பயந்ததாலதான் இத்தனை வருஷமா முழுசா இருக்கேன்" என்பாள். அதில் தப்பொன்றும் இல்லை.

அவளுக்குத் துணையாக மலைக்கு வருகிறவள் அவளுடைய நாத்தனார். வீட்டில் ஒரே அடுப்படி, வெளியில் ஒரே குழாய். இதைவிடப் பெரிய தண்டனையை ஒரு பெண்ணுக்கு யாரும் கொடுக்க முடியாது. நாத்தனாருக்கு வயது முப்பத்திரண்டு, கல்யாணம் வேண்டாமென்று சொல்லிவிட்டவள், நல்ல உயரம், நல்ல பலம். அண்ணியோடு பேசினால் ஒரு சொல்லுக்கு ஒன்பது சொல். பயம் என்றால் கிலோ என்ன விலை என்று கேட்கிற ரகம். கையுறை போடாமல் நட்டைத் திருகுவாள், காது மூடாமல் நடப்பாள். ஏதாவது சொன்னால், "உங்களுக்குச் சேர்த்து நீங்க பயப்படுறீங்களே அண்ணி, அது போதாதா" என்பாள்.

அக்காவின் கணவர்தான் பம்ப் ஹவுஸில் ஒயர்லெஸ்காரர். மலைக்குப் போனவர்கள் அவரோடுதான் பேச வேண்டும். மனைவிக்கும் தங்கைக்கும் நடுவில் மத்தளம் மாதிரி இரண்டு பக்கமும் இடி வாங்கியே அவருக்கு ஒரு பழக்கம் வந்திருந்தது. மனைவி சாப்பாட்டு நேரத்தில் வந்து, "உங்க தங்கச்சிக்கு ரொம்பத்தான் குளிர் விட்டுப்போச்சு" என்று ஆரம்பித்தால், தலையை நிமிர்த்தாமலே "சரி சரி, அப்புறம் பேசிக்கலாம்" என்பார். அதற்கு அர்த்தம், பேசப்போவதில்லை என்பது. பாத்திரம் கழுவாவிட்டால் குளிர் விட்டுப்போச்சு, எதிர்த்துப் பேசினால் குளிர் விட்டுப்போச்சு. அந்த வீட்டில் கோடைகாலத்திலும் யாருக்காவது குளிர் விட்டுக்கொண்டே இருந்தது.

போன பனிக்காலத்தில் அலுவலகத்து நர்சம்மா மலைக்குப் போகிறவர்களுக்கு ஒரு வகுப்பு எடுத்தார்கள். நாத்தனார் பல்வலி என்று சொல்லிவிட்டு வரவில்லை. ஒயர்லெஸ்காரருக்கு டியூட்டி. அக்கா மட்டும் முதல் வரிசையில் உட்கார்ந்து ஒரு வார்த்தை விடாமல் கேட்டாள். குளிர் பட்டவர்களைத் தேய்க்கக் கூடாது, நடக்கவைக்கக் கூடாது, ஈரத்துணியை முதலில் கழற்ற வேண்டும். கடைசியாக நர்சம்மா சொன்ன ஒன்று அவள் வயிற்றில் போய் உட்கார்ந்துகொண்டது.

"நடுங்குறவங்களப் பாத்து பயப்படாதீங்க. நடுக்கம் நின்னவங்களப் பாத்து பயப்படுங்க."

அன்றைக்குக் காலையில் கிளம்பும்போது வானம் தெளிவாகத்தான் இருந்தது. ஒன்பதாம் தொட்டிக்குப் போய்ச் சேரும்போது பதினொன்றரை. அங்கே இருந்த ஏர் வால்வு, அதாவது குழாய்க்குள் அடைகிற காற்றை வெளியே விடுகிற வால்வு, சீறிக்கொண்டிருந்தது. அடியில் உள்ள சிறு அடைப்பானை மூடிவிட்டுத்தான் மேல் நட்டைக் கழற்ற வேண்டும். இது பம்ப் ஹவுஸ் பூனைக்குக்கூடத் தெரியும். அக்கா மேலே நின்று பையிலிருந்து ரப்பர் வளையத்தைத் தேடிக்கொண்டிருந்தாள். அவள் எடுத்துக் கொடுப்பதற்குள் நாத்தனார் அவசரப்பட்டு நட்டைக் கழற்றிவிட்டாள். ஏரித் தண்ணீர் மொத்தமும் தனக்கொரு வழி கிடைத்தது என்று அவள் மார்பில் வந்து அடித்தது. அவள் தட்டுத்தடுமாறி அடைப்பானை மூடுவதற்குள் தலை முதல் கால் வரை நனைந்துவிட்டது. உள்ளே வைத்திருந்த அவளுடைய பையும் நனைந்தது. மேலே கழற்றிவைத்திருந்த கோட்டு மட்டும் தப்பியது.

ஏறி வந்தவள் சிரித்துக்கொண்டே வந்தாள். பல் மட்டும் கிடுகிடுவென்று அடித்தது. அக்கா தன் பையிலிருந்த காய்ந்த ஸ்வெட்டரைக் கொடுத்தாள். காய்ந்த பேன்ட்டையும் கொடுத்தாள். அது நாத்தனாருக்கு முழங்காலுக்கு மேல் ஏறவில்லை. "உங்க அளவுக்கு நான் பொறந்தப்பவே இருந்தேன்" என்று சொல்லிவிட்டு, ஈரப் பேன்ட்டையே மறுபடியும் மாட்டிக்கொண்டாள். பிறகு அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டு, அண்ணனிடம் மட்டும் சொல்ல வேண்டாம் என்று கெஞ்சினாள். இந்தத் தப்பு தெரிந்தால் மலை வேலையை நிறுத்தி ஆபீஸில் உட்காரவைத்துவிடுவார்கள். நாத்தனார் கெஞ்சி அக்கா பார்த்ததே இல்லை. அந்த அதிசயத்திலேயே சரி என்று தலையாட்டிவிட்டாள். பதினெட்டு வருஷத்தில் அவள் பயப்பட மறந்த நேரம் அது ஒன்றுதான்.

திரும்ப நடக்க ஆரம்பித்து கால் மைல் போயிருக்க மாட்டார்கள். காற்று வந்தது, காற்றோடு பனியும் வந்தது. வழி காட்ட நட்டிருந்த கம்பங்களில் அடுத்தது தெரியவில்லை. பிறகு பக்கத்தில் இருந்ததே தெரியவில்லை. நல்ல வேளையாக எட்டாம் தொட்டி காலடியில் இருந்தது. அக்கா ஒயர்லெஸ்ஸில் கூப்பிட்டு, எட்டாம் தொட்டியில் இருப்பதாகச் சொன்னாள். காற்று அடங்குகிறவரை தொட்டிக்குள் இருக்கச் சொன்னார் கணவர். அது வழக்கமான உத்தரவுதான். நனைந்ததை அவள் சொல்லவில்லை.

மூடியை இழுத்துப் போட்டுக்கொண்டு இரண்டு பேரும் உள்ளே உட்கார்ந்தார்கள். காற்று இல்லை, ஆனால் சுற்றிலும் கான்கிரீட், நடுவில் ஐஸ் மாதிரி குழாய். அக்கா தார்ப்பாயை விரித்து இரண்டு பேரையும் சேர்த்துப் போர்த்தினாள். நாத்தனார் நடுங்கிய நடுக்கத்தில் தார்ப்பாய் படபடத்தது. டீயில் பாதியைக் குடித்தாள். அக்காவுக்குக் கால் விரல்கள் இருக்கின்றனவா இல்லையா என்று சந்தேகம் வந்தது. ஷூவுக்குள் ஒவ்வொன்றாக மடக்கி எண்ணிப்பார்த்தாள். பேச்சுக்கொடுத்துக்கொண்டே இருந்தாள். நாத்தனாரும் பதில் சொன்னாள். ஒரு சொல்லுக்கு ஒன்பது சொல் என்பது ஐந்தாகி, மூன்றாகி, ஒன்றானது. அந்த ஒன்றும் வாயில் எதையோ அடக்கிக்கொண்டு சொல்வதுபோல் குழறியது.

பிறகு தார்ப்பாயின் படபடப்பு நின்றது.

முதலில் அக்காவுக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. அப்பாடா, சூடு ஏறிவிட்டது என்று நினைத்தாள். நாத்தனாரும் கண்ணைப் பாதி மூடிக்கொண்டு, "இப்ப குளிரல அண்ணி" என்றாள். அந்த மாதிரி மெதுவாக, மரியாதையாக அவள் பேசி யாரும் கேட்டதில்லை. அடுத்த நொடி நர்சம்மாவின் வார்த்தை ஞாபகம் வந்தது. பயம் என்று அதுவரை அக்கா நினைத்துக்கொண்டிருந்ததெல்லாம் வெறும் ஜாக்கிரதை என்று அப்போது புரிந்தது.

தொட்டிக்குள் இருந்து ஒயர்லெஸ் எடுக்காது. மூடியைத் தள்ளி வெளியே தலையை நீட்டினாள். காற்று முகத்தில் அறைந்தது. பேட்டரி குளிரில் செத்துக்கொண்டிருந்தது. பட்டன் விளக்கு மங்கலாக எரிந்தது. தாடை விறைத்துப்போயிருந்ததால் நீளமாகப் பேச வரவில்லை. நாக்குக்குப் பழகிய சொல்தான் முன்னால் வந்தது.

"உங்க தங்கச்சிக்குக் குளிர் விட்டுப்போச்சுங்க. உடனே ஆளை அனுப்புங்க."

காற்று இரைச்சலில் பதில் துண்டுதுண்டாக வந்தது. "சரி சரி" என்பது மட்டும் தெளிவாகக் கேட்டது. அவளுக்கு அது போதும். ஜீப் ஆறாம் தொட்டி வரை வரும், அங்கிருந்து நடை, எல்லாம் சேர்த்து முக்கால் மணி நேரம் என்று கணக்குப் போட்டுக்கொண்டு உள்ளே இறங்கினாள்.

நாத்தனார் தார்ப்பாயைத் தள்ளிவிட்டு, மேல் கோட்டின் பட்டனைக் கழற்றிக்கொண்டிருந்தாள். விரல் வளையாததால் கோபம் வந்து இழுத்தாள். "வேர்க்குது" என்றாள். அக்கா போர்த்தினாள், அவள் கழற்றினாள். மறுபடி போர்த்தினாள், மறுபடி கழற்றினாள். உதடு நீலமாக இருந்தது. கன்னத்தைத் தொட்டால் குழாயைத் தொட்டதுபோல் இருந்தது. பிறகுதான் அக்காவுக்கு ஈரப் பேன்ட் உறைத்தது. வெட்கத்தைப் பார்க்கிற நேரமா அது? கத்தியால் பேன்ட்டைக் கிழித்துக் கழற்றி எறிந்தாள். தன் கம்பளி மப்ளரை அவள் தொடைகளில் சுற்றினாள். ஸ்வெட்டரைப் பிரித்துத் தன் மார்போடு அவள் மார்பை ஒட்டவைத்து, இரண்டு பேருக்கும் மேலே கோட்டும் தார்ப்பாயும் போட்டு இறுக்கிக்கொண்டாள். பத்து வருஷமாக ஒரே வீட்டில் இருந்தும் அவள் நாத்தனாரைக் கட்டிப்பிடித்தது அதுதான் முதல் தடவை. மயக்கத்தில் இருப்பவர் வாயில் எதையும் ஊற்றக்கூடாது என்று நர்சம்மா சொல்லியிருந்தார்கள். மிச்ச டீயைத் தண்ணீர் பாட்டிலில் ஊற்றி, காலுறைக்குள் போட்டு, அவள் அக்குளில் செருகினாள். ஒயர்லெஸ் பேட்டரியைக் கழற்றித் தன் அக்குளில் வைத்துக்கொண்டாள்.

அரை மணி ஆயிற்று. முக்கால் மணி ஆயிற்று. காதை மூடியில் வைத்துக் கேட்டாள். மனிதர் சத்தம் எதுவும் இல்லை. ஸ்பேனரை எடுத்துக் குழாயில் வைத்துக் கேட்டாள். குழாயோரம் யாராவது நடந்தால் அதிர்வு தெரியும். தண்ணீர் ஓடுகிற சத்தம் மட்டும் கேட்டது. சும்மா இருந்த கையால் நாத்தனாரின் கழுத்தில் நாடி பார்த்தாள். இருந்தது, ஆனால் ஒன்று வந்து அடுத்தது வருவதற்குள் இவள் உயிர் போய் வந்தது.

ஏன் இன்னும் வரவில்லை என்று யோசித்தபோது, கணவர் சொன்ன "சரி சரி" மறுபடி காதில் கேட்டது. அதை அவள் எங்கேயோ கேட்டிருக்கிறாள். எங்கேயோ என்ன, தினமும் சாப்பாட்டு நேரத்தில் கேட்கிறாள். அதே இழுப்பு, அதே சலிப்பு. தான் என்ன சொன்னோம் என்பது அப்போதுதான் அவளுக்கு விளங்கியது. மலைமேல், பனிக்காற்றில், தொட்டிக்குள் அடைந்து கிடந்துகொண்டு, மனைவி நாத்தனாரைப் பற்றிக் கோள் சொல்கிறாள் என்று நினைத்து மனுஷர் காதில் போட்டுக்கொள்ளாமல் விட்டிருக்கிறார். ஆளை அனுப்பச் சொன்னது காற்றோடு போய்விட்டது. நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இங்கே இவள் வாயால் கெடப்போவது இன்னொருத்தி.

யாரும் வரவில்லை, யாரும் கிளம்பக்கூட இல்லை, போனது முக்கால் மணி நேரம். அவளை விட்டு எழுந்தால் இருக்கிற கொஞ்சச் சூடும் போய்விடும். எழுந்திருக்காவிட்டால் யாருக்கும் தெரியாது. நாத்தனாரைக் கோட்டோடு சுற்றி, கழற்ற முடியாதபடி கயிற்றால் கட்டினாள். அக்குளிலிருந்த பேட்டரியை மாட்டிக்கொண்டு மூடியைத் தள்ளினாள். அந்தச் சூட்டில் விளக்கு எரிந்தது. எவ்வளவு நேரம் எரியும் என்று தெரியாது. இந்தத் தடவை எந்தச் சொல்லும் தப்பக்கூடாது என்று ஒவ்வொன்றாக வாய்க்குள் அடுக்கிக்கொண்டாள். ஆனால் பட்டனை அழுத்தியதும் அடுக்கியது ஒன்று, வந்தது ஒன்று.

"என் தங்கச்சி செத்துக்கிட்டிருக்கா. நனைஞ்சிட்டா. எட்டாம் தொட்டி."

விளக்கு அணைந்துவிட்டது. பதில் வரவே இல்லை. கேட்டதா, கேட்கவில்லையா என்று தெரியாமல் அவள் உள்ளே இறங்கினாள்.

அதற்குப் பிறகு நடந்த ஒன்றரை மணி நேரத்தைப் பற்றி அவள் யாரிடமும் அதிகம் சொன்னதில்லை. கட்டிப்பிடித்துக்கொண்டு கிடந்தாள், அவ்வளவுதான் என்பாள். பேசிக்கொண்டே இருந்தாளாம். கழுவாத பாத்திரம், திருப்பித் தராத சீப்பு, எதிர்த்துப் பேசியது என்று பத்து வருஷத்துக் குற்றப்பட்டியலை ஒன்றுவிடாமல் காதில் சொல்லித் திட்டினாளாம். எதற்காவது பதில் சொல்லிவிட மாட்டாளா என்று. ஒன்றுக்கும் பதில் இல்லை. ஸ்பேனர் முனை காதிலேயே இருந்தது. கடைசியில் குழாயில் ஒரு தட்டு கேட்டது. பிறகு இன்னொன்று. யாரோ கீழேயிருந்து கம்பியால் குழாயைத் தட்டிக்கொண்டே வந்தார்கள். அக்கா அழுதுகொண்டே ஸ்பேனரால் திருப்பித் தட்டினாள்.

ஆறு பேர் வந்தார்கள். முன்னால் வந்தவர் ஒயர்லெஸ்காரர். அறையைவிட்டு எழுந்து வரக்கூடாத ஆள், போட்டது போட்டபடி ஓடிவந்திருந்தார். குப்புறப் படுத்துத் தொட்டிக்குள் கையை நீட்டித் தங்கையின் தோளைப் பிடித்தார். ஆட்டாமல் தூக்கச் சொல்லி அக்காதான் எல்லோரையும் அதட்டினாள். தூக்குப் படுக்கையில் வைத்துப் போர்த்தி, வெளிச்சம் இருக்கும்போதே ஜீப்புக்குக் கொண்டுவந்தார்கள். ஜீப்பில் நர்சம்மா காத்திருந்தார்கள். அக்காவுக்கும் ஒரு போர்வையைப் போட்டார்கள். அவள் நாத்தனாரின் முகத்தைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

பாதி வழியில் போர்வையின் ஓரம் அசைந்தது. வண்டி ஆட்டம் என்று நினைத்தாள். வண்டியை நிறுத்தச் சொன்னாள். நின்ற வண்டியிலும் அது அசைந்தது. முதலில் தாடை, பிறகு தோள், பிறகு உடம்பு மொத்தமும் கிடுகிடுவென்று நடுங்கியது. நர்சம்மா நல்லதுதான் என்று தலையை ஆட்டினார்கள். அக்கா நாத்தனாரின் தலையைத் தன் மடியில் சேர்த்துப் பிடித்துக்கொண்டு, "நடுங்கு, நல்லா நடுங்கு" என்று சொல்லிக்கொண்டே வந்தாள்.

நாத்தனாருக்கு இடது காலில் இரண்டு விரல் போய்விட்டது. மற்றபடி ஆள் பிழைத்தாள், வாயும் பிழைத்தது. அவள் பயந்தபடியே மலை வேலை போய், ஒயர்லெஸ் அறையில் அண்ணனுக்கு அடுத்த ஷிப்டில் உட்காரவைத்துவிட்டார்கள். மலையிலிருந்து யார் கூப்பிட்டாலும் அவள் முதலில் கேட்கிற கேள்வி, நடுக்கம் இருக்கிறதா, நின்றுவிட்டதா என்பதுதான். முதல் அழைப்பைக் கேட்டு மனசுக்குள் சிரித்ததை ஒயர்லெஸ்காரர் ஒரே ஒரு தடவை ஒப்புக்கொண்டார். இரண்டாவது அழைப்பு எப்படிப் புரிந்தது என்று அக்கா கேட்டாள். பாதிக்கு மேல் இரைச்சல்தான் என்றார். "என் தங்கச்சின்னு நீ சொன்ன பாரு, அது ஒண்ணுதான் கேட்டுச்சு. பத்து வருஷத்துல நீ அப்படிச் சொன்னதே இல்லையே. அப்பவே எழுந்துட்டேன்."

அந்த வீட்டில் இப்போதும் சண்டை நடக்கிறது. பாத்திரமும் அப்படியேதான் கிடக்கிறது. குளிர் விட்டுப்போச்சு என்ற சொல் மட்டும் அக்காவின் வாயிலிருந்து வருவதில்லை. ஒருநாள் சாயங்காலம் இரண்டு அடுப்பும் எரிந்துகொண்டிருந்தபோது, நாத்தனார் வேர்க்கிறது என்று சொல்லி ஸ்வெட்டரின் முதல் பட்டனைக் கழற்றினாள். அக்கா திரும்பிப் பார்த்தாள். கையிலிருந்த கரண்டி கீழே விழுந்தது. முகத்தில் ரத்தமே இல்லை. வந்து அந்தப் பட்டனைத் தானே போட்டுவிட்டாள், கை நடுங்க நடுங்க.

ஒரு சொல்லுக்கு ஒன்பது சொல் பேசுகிறவள் அன்றைக்கு வாயைத் திறக்கவில்லை. அன்றிலிருந்து அண்ணி அடுப்படியில் இருக்கும்வரை, நெற்றியில் வேர்வை வடிய வடிய, அவள் ஸ்வெட்டரைப் போட்டுக்கொண்டுதான் நிற்கிறாள்.